எழுதப்பட்டவர்களின் உரிமை

எழுத்தறியாத ஒரு மக்கட் கூட்டத்தைப் பற்றி எழுத்தறிந்தவன் ஒருவன் நூல் எழுதுகிறான். அந்நூலை அவர்கள் வாசிக்கப் போவதில்லை; அதிலுள்ள பிழையைச் சுட்டப் போவதில்லை; அதனால் வரும் புகழிலோ பொருளிலோ பங்கு கேட்கப் போவதுமில்லை. அப்படியாயின் அவன் எந்த உரிமையைக் கொண்டு எழுதுகிறான்? நூலின் நடை எத்தகையது, தகவல் எவ்வளவு என்று ஆராயும் நம் விமர்சகர்கள் இந்தக் கேள்வியை எழுப்புவது அரிது. ஆயினும் மனிதரைப் பற்றி மனிதர் எழுதும் தொழிலில் இதற்கு முந்திய கேள்வி வேறில்லை.

ஈழத்தின் கீழ்க்கரையில் வாழும் நமக்கு இக்கேள்வி தொலைதூரத்து விவகாரமன்று. பெரியநீலாவணையிலிருந்து கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர் என்று தெற்கே செல்லும் கரையில் தமிழரும் முஸ்லிம்களும் நெருங்கி வாழ்கிறோம். கிழக்கே கடல், மேற்கே வயல் வட்டைகள், அவற்றுக்கும் அப்பால் ஒரு காலத்தில் வேடரின் காடு. அந்தக் காட்டுக்கும் நமக்கும் இருந்த உறவை நம் கோயிற் கதைகள் இன்றும் சொல்லிக்கொண்டிருக்கின்றன. கொக்கட்டிச்சோலைத் தான்தோன்றீச்சரத்தின் கதையிலே தெய்வத்தை முதலிற் கண்டவன் தேனெடுக்கச் சென்ற வேடன். மண்டூர் முருகனின் வழிபாட்டு மரபும் வேடரோடு இணைத்தே பேசப்படுகிறது. கதிர்காமத்து வள்ளி வேடர் குலத்து மகள். இவ்வாறு நம் கோயிற் கதைகளில் வேடன் முதலில் வருகிறான். நம் காணி உறுதிகளிலோ அவன் பெயர் எங்கும் இல்லை.

வேடரைப் பற்றிய எழுத்துக்கு இந்நாட்டில் நீண்ட வரலாறு உண்டு. விஜயனும் குவேனியும் பெற்ற பிள்ளைகள் மலைநாட்டுக்கு ஓடிச் சென்றனர் என்றும், அவர்கள் வழியிற் புலிந்தர் தோன்றினர் என்றும் மகாவம்சம் கூறும். வந்தேறியவரின் ஏட்டிலே, அவர்கள் கைவிட்ட குடும்பத்தின் கிளையாக வேடர் இடம்பெற்றனர். 1681இல் வெளிவந்த றொபேட் நொக்ஸின் நூலில் வேறொரு சித்திரம் உண்டு. அம்பு முனை வேண்டிய வேடன் இரவிலே கொல்லன் பட்டறைக்கு வந்து, அம்பின் வடிவில் வெட்டிய இலையையும் இறைச்சியையும் தூக்கிவிட்டுச் செல்வானாம். கொல்லன் அவ்வடிவிலே செய்து வைப்பானாம். பேச்சின்றியே நடந்த இந்தக் கொடுக்கல் வாங்கலில் நாணயம் இருந்தது. பிற்காலத்தில் வேடரிடம் வந்தவர்கள் செய்த கொள்முதலில் இவ்வளவு நேர்மையாவது இருந்ததா என்பதே ஐயம்.

சுவிற்சர்லாந்தின் பாசெல் நகரத்துச் சரசின் உறவினர் இருவர், பவுலும் பிரிட்சும், 1880களில் இங்கு வந்தனர். வேடரை அளந்தனர், எலும்புக் கூடுகளைத் தேடிப் பெற்றுத் தம் நகரத்துக்கு எடுத்துச் சென்றனர். வேறு மண்டையோடுகள் எடின்பரோப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தன. அவற்றுள் ஒன்பது 2019 நவம்பரிலேதான் வேடர் தலைவர் ஊருவரிகே வன்னில எத்தோவிடம் திருப்பி ஒப்படைக்கப்பட்டன. எலும்பு திரும்பி வருவதற்கே அத்தனை காலம் சென்றது என்றால், எழுத்தாக எடுத்துச் செல்லப்பட்டவை திரும்புவது எப்போது?

இந்த வரிசையில் மிக உயர்ந்த பணி சி. ஜி. செலிக்மனும் அவர் துணைவியார் பிரெண்டா செலிக்மனும் செய்தது. 1907-08இல் இலங்கைக் காடுகளிற் சுற்றி, 1911இல் அவர்கள் வெளியிட்ட 'வேடர்' என்னும் பெருநூல் இன்றும் ஆய்வாளரின் முதற்சாட்சியாக விளங்குகிறது. வேடரின் வரிகைகள் என்னும் குலப் பிரிவுகளையும், இறந்தோர் ஆவியை வேண்டி ஆடும் ஆட்டங்களையும் அவர்கள் பதிந்தனர். பாடல்களை மெழுகு உருளைகளிற் பிடித்தனர். அவ்வுருளைகள் இலண்டனிலுள்ள பிரித்தானிய நூலகத்தில் இன்றும் இருக்கின்றன. அவர்தம் உழைப்பையும் நேர்மையையும் நாம் குறைத்துப் பேசுவதற்கில்லை.

அந்நூலில் நம் கவனத்துக்குரிய ஒரு பகுதி உண்டு. வேடர் காட்டில் மனம்போன போக்கில் அலைபவர் என்றே நகரத்தார் எண்ணினர். செலிக்மன் தம்பதியர் கண்டது வேறு. ஒவ்வொரு கூட்டத்தாருக்கும் இன்ன எல்லை என்று வேட்டைக்காடு இருந்தது. குகைகளுக்கு உரியவர் இருந்தனர். மலைத்தேன் கூடுகள் தொங்கும் பாறைகளுக்கு உரியவர் இருந்தனர். உறவினனேயாயினும் ஒருவன் காட்டில் மற்றவன் அனுமதியின்றி வேட்டையாடுவதில்லை. சுருங்கச் சொன்னால், அது உரிமையாளர் உள்ள நிலம். இந்த உண்மை 1911இலேயே ஆங்கிலத்தில், கேம்பிரிட்ச் பல்கலைக்கழகத்தின் அச்சில் ஏறிவிட்டது.

அதனால் விளைந்தது என்ன? 1840ஆம் ஆண்டின் முடிக்குரிய காணிச் சட்டம், பயிரிடப்படாத காடுகளையெல்லாம், மாறாக நிரூபிக்கப்படும்வரை, முடிக்குரியவை என்றே கொண்டது. ஆங்கிலேயர் போன பின்னும் அந்தக் கருத்துப் போகவில்லை. 1949இல் கல்லோயா அபிவிருத்திச் சபை அமைந்தது. மொரிசன்-நட்சன் என்னும் அமெரிக்க நிறுவனம் இங்கினியாகலையில் அணையெழுப்பியது. நாம் பட்டிப்பளை ஆறு என்று வழங்கும் ஆறு சேனநாயக்க சமுத்திரமாகத் தேங்கியது. அந்தப் பள்ளத்தாக்கின் வேடர், தம் வேட்டைக்காடுகளை நீருக்கும் குடியேற்றத்துக்கும் இழந்து அகன்றனர். செலிக்மனின் நூல் நூல்நிலையத்து அலுமாரியில் இருந்தபடியே இருந்தது. அதைச் சாட்சிக்கு அழைத்தவர் ஒருவருமிலர்.

எழுதிவைத்தாற் போதும், உண்மை ஒருநாள் தானே பேசும் என்று நம்புவோர் இங்கே சற்று நின்று சிந்திக்கவேண்டும். அந்த நூல் யாருக்காக எழுதப்பட்டது? மானிடவியல் அறிஞருக்காக. அவர்கள் அதை வாசித்தனர், பாராட்டினர். நிலத்தின் விதியைத் தீர்மானித்தவர்கள் அதை வாசிக்கவேண்டிய கட்டாயம் இருக்கவில்லை. நிலத்துக்கு உரியவர்கள் அதை வாசித்து, இதோ எங்கள் உரிமைக்குச் சான்று என்று நீட்டும் நிலையிலும் இருக்கவில்லை. உண்மை பதியப்பட்டது, ஆனால் அது உரியவர் கைக்கு வந்து சேரவில்லை. உறுதி எழுதப்பட்டு வேறொருவர் பெட்டியிலே பூட்டப்பட்டது போன்ற நிலை இது.

இதே வேடரிடம் வேறொரு வகையில் சென்றவர் கொழும்புச் சத்திரசிகிச்சை மருத்துவர் ஆர். எல். ஸ்பிட்டல். 1881 முதல் 1969 வரை வாழ்ந்த அவர் பறங்கி வம்சத்தவர். பறங்கிப் புண் என்னும் நோயைப் பற்றி ஆராய்ந்தவர். விடுமுறை கிடைத்தபோதெல்லாம் மருந்துப் பெட்டியோடு காட்டுக்குச் சென்று வேடருக்குச் சிகிச்சை செய்தார். அவர்களைப் பற்றி நூல் பல எழுதினார். 1941இல் வெளிவந்த அவர் நூலொன்று, கொலை செய்து தலைமறைவாகத் திரிந்த வேடன் ஒருவனின் வாழ்வை நாவல் போலச் சொல்லியது. அது சிங்களத்திலே 'வனசரண' என்ற பெயரிற் பரவி, வேடர் என்றதும் நாட்டவர் மனத்தில் எழும் உருவத்தையே பெரிதும் வகுத்துவிட்டது.

ஸ்பிட்டலின் கைகள் இரண்டு தொழில் செய்தன. ஒரு கை மருந்திட்டது. மறு கை எழுதியது. அன்பும் அக்கறையும் இரண்டுக்கும் பொதுவே. ஆயினும் அவற்றிடையே ஒரு வேறுபாடு உண்டு. மருந்து பிழைத்தால் நோயாளியின் உடல் உடனே சொல்லிவிடும், புண் ஆறாது, மருத்துவன் தன் முறையை மாற்றியே ஆகவேண்டும். எழுத்துப் பிழைத்தால் யார் சொல்வது? எழுதப்பட்டவனுக்கு அது தெரியாது. வாசகனுக்கோ அது பிழை என்று அறிய வழியில்லை. சுவையாக இருந்தால் மகிழ்வான். மருத்துவன் தான் தொட்ட மனிதனுக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவன். எழுத்தாளனோ தான் தொடாத மனிதருக்கு, தூரத்து வாசகருக்கு, மட்டுமே பதில் சொல்லித் தப்பிவிட முடிகிறது. எழுத்தின் ஒழுக்கக் கேடு தீய எண்ணத்திலிருந்துதான் பிறக்கவேண்டும் என்பதில்லை. பதில் சொல்ல வேண்டாத நிலையே அதற்குப் போதுமானது. நல்லவர் ஒருவரும் அந்நிலையிற் பிழை செய்வர். செய்த பிழையை அறியாமலே மறைவர்.

அத்தகைய பிழைகளுள் முதன்மையானது 'தூய' பழங்குடியைத் தேடும் ஆசை. கெடாத, கலவாத, மாறாத மனிதனைக் காணவேண்டும் என்று புறப்படுகிறவன், மாறியவனைக் கண்டதும் ஏமாற்றமடைகிறான். 1922இல் வெளிவந்த 'வடக்கத்து நானூக்' என்னும் படம் விவரணப் படங்களுக்கு முன்னோடி என்று போற்றப்படுவது. அதை எடுத்த றொபேட் பிளாகர்ட்டி, துப்பாக்கி பிடிக்கத் தெரிந்த இனுவிட் மக்களை ஈட்டியோடு வேட்டையாட வைத்தார். ஒளி போதாமையால் பனிவீட்டைப் பாதியாகத் திறந்து கட்டச்செய்து, அதற்குள் அவர்களைப் படுத்துறங்கச் சொன்னார். உலகம் அதை உண்மை என்று கண்டு வியந்தது. இலங்கையிலும் செலிக்மன் தம்பதியர் வேடரைத் தூயவர், ஊர் வேடர், கரை வேடர் என்று வகுத்தனர். தூயவர் எனத்தக்க குடும்பங்கள் மிகச் சிலவே எஞ்சின என்று முடிவு கண்டனர்.

இந்த வகுப்பின் விளைவை நம் கரையில் நாம் நேரே காணலாம். வாகரை, பனிச்சங்கேணி, வெருகல், மூதூர்ப் பக்கங்களிற் கரை வேடர் வாழ்கின்றனர். அவர்கள் பேசுவது தமிழ். செய்வது மீன்பிடியும் சேனைப்பயிரும் கூலிவேலையும். போர்க்காலத்து இடப்பெயர்வுகளும் 2004ஆம் ஆண்டின் கடற்கோளும் அக்கரையைத் தாக்கிய போது அவர்களும் மற்றவரோடு அடிபட்டனர். ஆனால் வில்லும் கோடரியும் தோளில் இல்லாதபடியால், வேடரைக் காண வருவோர் அவர்களைத் தேடி வருவதில்லை. தமிழ் பேசுவதாற் சிங்கள எழுத்தாளர் கண்ணிற் படுவதில்லை. வேடர் என்பதால் தமிழ் எழுத்தாளர் எண்ணத்தில் ஏறுவதில்லை. மாறியதே அவர்கள் குற்றம் போலும்! மாறாமல் வாழும் உரிமை எவருக்கும் கிடையாத நாட்டில், மாறாதிருக்கும் கடமையை அவர்கள் மேல் மட்டும் சுமத்துவது என்ன நீதி?

குடிசன மதிப்பைப் பார்த்தால் இது இன்னும் விளங்கும். 1911இல் வேடர் என்று பதியப்பட்டோர் 5,300க்கு மேல். 1946இல் 2,300 அளவினர். 1953இல் வெறும் 800 அளவினர். கடைசி ஏழு ஆண்டுகளில் ஆயிரத்தைந்நூறு வேடரைக் கொண்டுபோன கொள்ளைநோய் எதனையும் வரலாறு குறிக்கவில்லை. அவர்களுட் பெரும்பாலோர் இறக்கவில்லை. தமிழர் என்றோ சிங்களவர் என்றோ வேறு நிரலில் எழுதப்பட்டனர். பின்வந்த காலத்தில் அந்தப் பெயருக்குத் தனி நிரலே இல்லாமற் போயிற்று. 'அருகிவரும் இனம்' என்று கண்ணீர் வடித்த நூல்கள் பல. எழுதுகோல் மாற்றிப் போட்ட கோட்டினாலும் ஓர் இனம் அருகக்கூடும் என்பதை அந்நூல்கள் எண்ணிப் பார்க்கவில்லை.

காட்டின் மீது கொண்ட அன்பும் ஒரு வினையை விளைத்தது. மத்திய இந்தியப் பழங்குடிகளிடையே பல்லாண்டு வாழ்ந்த வெரியர் எல்வின், 1939இல் பைகா மக்களைப் பற்றி எழுதிய நூலில், அவர்களுக்கென ஒரு வகைத் தேசியப் பூங்கா வேண்டும் என்ற யோசனையை முன்வைத்தார். மனிதரைக் காட்சிப் பொருளாக்கும் யோசனை என்று பலர் அதைக் கண்டித்தனர். நம் நாட்டிலோ 1983இல் மாதுறு ஓயாத் தேசியப் பூங்கா வந்தது, மனிதர் வெளியேற்றப்பட்டனர். தம்பானைப் பகுதி வேடர் பலர் மகாவலிக் குடியேற்றத்துக்கு அனுப்பப்பட்டனர். முதிய தலைவர் திசாகாமி போக மறுத்துச் சில குடும்பத்தாரோடு அங்கேயே தங்கி, 1998இற் காலமானார். வேட்டையாடி வாழ்ந்தவன் தன் காட்டிலே திருட்டு வேட்டைக்காரன் ஆனான். யானையையும் மானையும் காக்கவேண்டும் என்று வாதாடிய நூல்களையும், வேடனை வருணித்த நூல்களையும் பெரும்பாலும் ஒரே வகுப்பாரே எழுதினர், ஒரே வகுப்பாரே வாசித்தனர் என்பதை நினைக்கும்போது மனம் கசக்கிறது.

இவற்றையெல்லாம் கண்டு, 'வேடரைப் பற்றி வேடரே எழுதட்டும். பிறர் எழுதவே வேண்டாம்' என்று சிலர் சொல்லக்கூடும். இந்த வாதத்தில் ஒரு நியாயம் இருக்கிறது; முழு நியாயம் இல்லை. பாடசாலையும் அச்சகமும் எட்டாத இடத்தில், 'நீயே எழுது' என்பது, 'நீ பேசாதே' என்பதன் நாகரிக வடிவம். மேலும், பிறர் எழுதாதிருந்தால் அந்த வேட்டைக்காட்டின் எல்லைகளைப் பற்றிய சாட்சியம் இன்று நம் முன் இராது. எல்லாவற்றுக்கும் மேலாக, இந்த வாதம் நம்மைப் பொறுப்பிலிருந்து விடுவித்துவிடுகிறது. வேடனின் இழப்பு வேடன் கதை மட்டுமா? அந்த இழப்பினால் நயமடைந்தவர் கதையுமன்றோ?

இங்கேதான் கேள்வி நம் சோற்றுத் தட்டுக்கு வந்து சேர்கிறது. சம்மாந்துறை, நிந்தவூர், கல்முனைப் பகுதி வயல்களுக்குச் சிறுபோகத்தில் வாய்க்கால் வழியே வருவது கல்லோயா நீர். நாம் உண்ணும் அரிசியில் அந்தப் பள்ளத்தாக்கின் நீர் இருக்கிறது; அந்த நீருக்கடியிற் பிறருடைய காடு இருக்கிறது. கல்லோயாத் திட்டத்தைப் பற்றி நம்மவர் நிறையவே பேசியும் எழுதியும் இருக்கின்றனர். குடியேற்றத்தால் இனவிகிதம் மாறியதையும், 1956 ஜூனில் அப்பள்ளத்தாக்கில் ஓடிய இரத்தத்தையும், காணி இழந்த தமிழ், முஸ்லிம் விவசாயிகளின் முறையீட்டையும் பேசினர். அவை பேசப்படவேண்டியவையே. ஆனால் சிங்களவர், தமிழர், முஸ்லிம்கள் என்ற மூவரும் 'இந்நிலம் யாருடையது' என்று வழக்காடிய அந்த மன்றத்தில், நான்காமவன் ஒருவன் வாசலுக்கு வெளியே நின்றான். மூன்று தரப்பு ஏடுகளும் அவனை எழுத மறந்தன. அநீதி இழைக்கப்பட்டவர் என்பதனாலேயே ஒருவர் பிறருக்கு இழைத்த அநீதி இல்லாமற் போய்விடுவதில்லை. இதைச் சொல்வதால் நம் உரிமைக் குரல் தளர்ந்துவிடும் என்று அஞ்சுவோர் உளர். தளராது, அதற்கு நேர்மை என்னும் பலம் கூடும்.

அவ்வாறாயின், தொலைவில் வாழும் மக்களைப் பற்றி எழுதப் புகும் ஒருவனிடம் நாம் எதிர்பார்க்கவேண்டியவை யாவை?

எழுதப்பட்டவர் மறுத்துப் பேச இடமிருக்கவேண்டும் என்பது முதலாவது. எழுதியதை அவர்கள் மொழியில், அவர்கள் முன்னிலையில், உரக்க வாசித்துக் காட்டட்டும். 'இது பொய்' என்று ஒரு கிழவர் சொன்னால் அந்த மறுப்பும் நூலில் ஏறட்டும். எழுத்தறியாமை வாசிப்பதற்குத் தடையாகலாம். கேட்பதற்கும் மறுப்பதற்கும் தடையன்று.

பெற்றதைத் திருப்பிக் கொடுக்கவேண்டும் என்பது இரண்டாவது. இலண்டனில் உள்ள குரல்கள் தம்பானையிலும் பொல்லேபெத்தையிலும் வாகரையிலும் ஒலிக்கவேண்டும். எல்லைகளைச் சொல்லும் பக்கங்கள் பெயர்க்கப்பட்டு அந்த மக்களின் பிள்ளைகள் கையில் இருக்கவேண்டும். அப்போதுதான் நூல் உறுதியாக மாறும்.

குகையை வருணித்தவன் அணையையும் வருணிக்கவேண்டும் என்பது மூன்றாவது. வேடனின் அம்பை அளந்தவன், காட்டைக் குத்தகைக்குக் கொடுத்த கையொப்பத்தையும் அளக்கட்டும். ஏழையின் வாழ்வை நுணுகி ஆராய்ந்து, அவனை ஏழையாக்கியவனைப் பற்றி ஒரு வரியும் எழுதாத நூல், எவ்வளவு உண்மைகளைக் கொண்டிருந்தாலும், அரை உண்மையே.

வேடர் தாமே பேசத் தொடங்கியுள்ளனர் என்பதையும் மறத்தலாகாது. 1996இல் அவர்கள் பிரதிநிதி ஜெனிவாவில் ஐக்கிய நாடுகளின் பழங்குடிகள் செயற்குழுவின் முன் தோன்றினார். 2020இல் நமது அம்பாறை மாவட்டத்திலேயே, பொல்லேபெத்தை - றம்பக்கன் ஓயாப் பகுதிக் காடு சோளச் செய்கைக்காக அழிக்கப்பட்டபோது, தலைவர் வன்னில எத்தோ சுற்றாடல் அமைப்பொன்றுடன் சேர்ந்து மேன்முறையீட்டு நீதிமன்றத்தை நாடினார். நூல்களில் வருணனைப் பொருளாக இருந்தவர் வழக்கேட்டில் மனுதாரராக எழுந்து நின்றார். எழுத்தாளனுக்கு இதிலே பாடம் உண்டு. அவர்களுக்காகப் பேசுவோர் தேவைப்பட்ட காலம் கழிந்து வருகிறது. அவர்கள் பேசுவதைக் கேட்டு, அதற்குச் சான்று தேடித் தருவோரே இப்போது தேவை.

பாடசாலைகளில் நாம் குறிஞ்சித் திணையைக் கற்பிக்கிறோம். தினைப்புனம், பரண், வேட்டை, தேன் என்று கருப்பொருள்களை மாணவர் மனனம் செய்கின்றனர். அந்த வாழ்வுக்கு உரியவர் இதே மாவட்டத்தில், பேருந்தில் ஒரு பகற்பொழுதிற் சென்றடையும் தூரத்தில் இன்றும் உளர் என்பதை அவர்களுக்கு யாரும் சொல்வதில்லை. இக்கரையிலிருந்து நாளை ஒரு மாணவனோ மாணவியோ குறிப்பேட்டோடு அங்கே புறப்படக்கூடும். புறப்படுமுன் அவர்கள் தம் ஊர் வாய்க்காலிலிருந்து தொடங்கட்டும். இந்நீர் எங்கிருந்து வருகிறது, அங்கே முன்பு யார் இருந்தார், அவர் இப்போது எங்கே என்று வயலில் நிற்கும் முதியவரிடம் முதலிற் கேட்கட்டும். அந்த விடையைக் குறிப்பேட்டின் முதற்பக்கத்தில் எழுதிக்கொண்டு செல்பவர், வேடரின் முன் வெறும் பார்வையாளராக நிற்கமாட்டார். கணக்குத் தீர்க்க வந்த அயலவராக நிற்பார்.